நாத்தானும் அதே ஊரில்தான் இருந்தான்

ஞாயிற்றுக்கிழமை பின்னேரங்களில் நாங்கள் கூடி வேதாகமம் வாசிக்கிற அறை, பலேர்மோவின் வியா மக்வேதா தெருவிலிருந்து உள்ளே திரும்பும் ஓர் ஒழுங்கையில், ஒரு மாதா கோவிலின் பின்பக்கம் இருக்கிறது. மற்ற நாட்களில் பங்குப் பிள்ளைகள் அதற்குள் மேசைப்பந்து விளையாடுவார்கள். நாங்கள் போய்ப் பந்து மேசையைச் சுவரோடு தள்ளிவிட்டு, பிளாஸ்டிக் கதிரைகளை வட்டமாகப் போட்டுக்கொள்வோம். யன்னலைச் சாத்தினால் வெக்கை. திறந்தால் தெருச் சத்தத்தில் வாசிப்பது கேட்காது. பாதி திறந்து வைத்துச் சத்தமாக வாசிப்பதற்கு எல்லோரும் பழகிவிட்டோம்.

நான் ஊரில் மறைக்கல்வி படிப்பித்தவள். அந்த ஒரு தகுதியை வைத்து வாசிப்பை நடத்தும் பொறுப்பை என் தலையில் கட்டிவிட்டார்கள். கிழமை நாட்களில் எனக்கு ஒரு சலவைக் கூடத்தில் வேலை. ஹோட்டல்களிலிருந்து வரும் படுக்கை விரிப்புகளைத் தோய்த்து, அயன் பண்ணி, மடித்துக் கொடுக்க வேண்டும். நாள் முழுக்க நீராவிக்குள் நிற்பவளுக்கு, ஒரு கதிரையில் இருந்து தமிழில் வாசிப்பதே பெரிய ஓய்வுதான்.

அந்த வருடம் இஸ்ரவேலின் அரசர்களுடைய கதையைத் தொடக்கத்திலிருந்து வாசிப்போம் என்று முடிவு செய்தோம். முதல் நாளே ஒரு வாக்குவாதம் வந்தது. நான் ‘இறைவாக்கினர்’ என்றேன். திருகோணமலைப் பக்கத்திலிருந்து வந்த, வேறு சபையில் வளர்ந்த ஒருவர் ‘தீர்க்கதரிசி’ என்பதுதான் சரி என்றார். சொல்லுக்காக இரண்டு பேரும் மல்லுக்கட்டிக்கொண்டிருந்தபோது, கதவுக்குப் பக்கத்துக் கதிரையில் இருந்த ஒருத்தி கேட்டாள்.

“அக்கா, அவையள் சாத்திரம் சொல்லுற ஆக்களோ?”

அவள் முல்லைத்தீவுப் பக்கத்துப் பெண். சைவம். போரின் கடைசி மாதங்களில் கணவனையும் ஒரு பிள்ளையையும் பறிகொடுத்துவிட்டு, எங்கெங்கோ அலைந்து பலேர்மோவுக்கு வந்தவள். கடற்கரைப் பக்கத்து மொண்டெல்லோவில், சிஞ்ஞோரா என்று கூப்பிடுகிற ஒரு வயோதிப இத்தாலிய அம்மாவின் வீட்டிலேயே தங்கி அவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். வியாழன் பின்னேரமும் ஞாயிறும்தான் அவளுக்கு விடுமுறை. ‘தமிழ் கேக்கிற இடம் எண்டு வாறனான் அக்கா, குறை நினைக்காதேங்கோ’ என்று முதலிலேயே சொல்லியிருந்தாள்.

“இல்லை,” என்றேன். “வரப்போறதைச் சொல்லுறது அவையின்ர வேலையில ஒரு துண்டுதான். ராசா பிழை விட்டா, அதை ராசாவிட்டையே போய்ச் சொல்லுறதுதான் பெரிய வேலை.”

அவள் விடவில்லை. “சொன்னா ராசா சும்மா விடுவாரோ?”

“அதைத்தான் வாசிச்சுப் பாக்கப் போறம்.”

எல்லோரையும் விட உரத்துச் சிரித்தவர் அண்ணை. அவரைப் பற்றி முதலில் சொல்ல வேண்டும். இந்த ஊருக்கு எங்கள் எல்லோருக்கும் முன்பே வந்தவர். யார் புதிதாக வந்தாலும் ரயில் நிலையத்துக்குப் போய்ப் பையைத் தூக்குவது அவர். வதிவிட அனுமதியான பெர்மெஸ்ஸோ எடுக்க, குவெஸ்தூரா என்கிற பொலிஸ் அலுவலகத்துக்குக் கூட்டிக்கொண்டு போவது அவர். வீடு வீடாகக் கதைத்து வேலை எடுத்துத் தருவதும் அவர். எனக்குச் சலவைக் கூடத்து வேலையும், ஸ்ஃபெர்ராகவால்லோவில் ஒரு மீன் சாப்பாட்டுக் கடையின் குசினியில் என் கணவருக்கு வேலையும் அவர் கதைத்து எடுத்ததுதான். தான் செய்ததை அவர் சொல்லிக்காட்டி நான் கேட்டதில்லை. அறையில் கைப்பிடி வைத்த கதிரை ஒன்றே ஒன்றுதான். அது அவருக்கு என்று யாரும் சொல்லவில்லை. ஆனால் வேறு யாரும் அதில் இருந்ததுமில்லை.

மக்கள் எல்லோரும் கூடி, மற்ற நாடுகளைப் போலத் தங்களுக்கும் ஓர் அரசன் வேண்டும் என்று முதிய இறைவாக்கினர் சாமுவேலிடம் போய்க் கேட்கிற பகுதி வந்தபோது, அதை அண்ணைதான் வாசித்தார். அவருக்கு நல்ல குரல். அரசன் வந்தால் உங்கள் பிள்ளைகளை எடுப்பான், வயலை எடுப்பான், கடைசியில் நீங்களே அவனுக்கு அடிமைகளாவீர்கள் என்று சாமுவேல் எச்சரிக்கிறார். சனம் கேட்கவில்லை.

“நல்ல காலம், எங்களுக்கு ராசா இல்லை,” என்றார் அண்ணை.

“நீங்கள்தானே அண்ணை எங்கட ராசா,” என்றது ஒரு குரல். எல்லோரும் சிரித்தார்கள். அவர் கையை ஆட்டி மறுத்தார். ஆனால் முகம் மலர்ந்திருந்தது. எனக்கும் அது சந்தோசமாகத்தான் இருந்தது. வெளிநாட்டில் சாய்ந்துகொள்ள ஒருவர் இருப்பது எவ்வளவு பெரிய ஆறுதல் என்பது, அப்படி ஒருவர் இல்லாமல் ஒரு வருடம் இருந்து பார்த்தவர்களுக்குத் தெரியும்.

முதல் அரசன் சவுலின் கதை முடிந்து, அடுத்த அரசன் தாவீதின் கதையில் பாதியைத் தாண்டியபோது கோடைகாலமும் முடிந்துகொண்டிருந்தது. ஒரு வியாழக்கிழமை பின்னேரம் அந்த முல்லைத்தீவுப் பெண் எனக்குத் தொலைபேசி எடுத்து, மொண்டெல்லோவுக்கு ஒருக்கா வர முடியுமா என்று கேட்டாள். குரல் சரியில்லை. வேலை முடிந்த கையோடு பஸ் ஏறினேன்.

கடற்கரையில் குடைகளை மடித்துக் கட்டத் தொடங்கியிருந்தார்கள். நடைபாதை மதிலில் இரண்டு பேரும் இருந்தோம். அவள் நேரடியாகத் தொடங்கினாள்.

“சிஞ்ஞோரா நேற்று அழுறா அக்கா. ஏன் என்னை விட்டிட்டுப் போறாய், நான் உனக்கு என்ன குறை வைச்சனான் எண்டு கேக்கிறா. எனக்கு ஒண்டும் விளங்கேல்லை. நான் எங்கை போறன்?”

விசயம் இதுதான். சிஞ்ஞோராவின் மகன் மிலானோவில் இருக்கிறார். வீட்டு விசயங்களை அவர்தான் தொலைபேசியில் பார்ப்பது. அண்ணை அவருக்கு அழைத்து, இந்தப் பெண் கனடாவுக்குப் போகப் போகிறாள், அவளுக்குப் பதிலாக ஒரு கணவன் மனைவியைத் தருகிறேன், கணவன் தோட்டத்தையும் பார்ப்பான், காரும் ஓட்டுவான் என்று சொல்லியிருக்கிறார். மகனும் சரி என்றுவிட்டார். அந்தக் கணவன் மனைவி யார் என்று எனக்கு உடனே தெரிந்தது. நாப்போலியில் வேலை போய், இரண்டு பிள்ளைகளோடு அண்ணையின் வீட்டுக்கு வந்து கிடக்கிற அவருடைய மச்சான் குடும்பம்.

“மாசக் கடைசியோட நிப்பாட்டுறம் எண்டு மகன் சொல்லிப் போட்டார். எனக்கு பெர்மெஸ்ஸோ புதுப்பிக்கிற நேரம் அக்கா. வேலை இல்லாட்டி அதுவும் இல்லை.”

“நீ அண்ணையோட கதைச்சனியோ?”

“இல்லை. அவர் தந்த வேலை. தந்தவரே எடுத்தா நான் ஆரிட்டைப் போய்ச் சொல்லுறது?” அவள் கடலைப் பார்த்துக்கொண்டு சொன்னாள். “வேலை போறது கூடப் பரவாயில்லை. இந்த மனுசி என்னோட ஒரே கோப்பையில சாப்பிடுறவ. ராவில கால் உளைஞ்சா என்ர பேரைச் சொல்லித்தான் கூப்பிடுவா. இத்தாலி பாசையே அவ தந்ததுதான். நானாத்தான் விட்டிட்டுப் போறன் எண்டெல்லோ அவ இப்ப நினைச்சுக்கொண்டிருக்கிறா.”

வீட்டுக்கு வந்ததும் என் வழக்கப்படி ஞாயிற்றுக்கிழமைக்கான பகுதியைத் திறந்தேன்.  வரிசைப்படி வந்து நின்றிருந்த இடம், தன் படைவீரன் ஒருவனின் மனைவியை எடுத்துக்கொண்டு அவனையும் சாகவிட்ட தாவீதிடம், நாத்தான் என்ற இறைவாக்கினன் போகும் இடம். நிறைய ஆடுமாடுகள் வைத்திருந்த ஒரு பணக்காரன், ஓர் ஏழை தன் பிள்ளையைப் போல வளர்த்த ஒரே ஆட்டுக்குட்டியைப் பறித்தெடுத்த கதையை நாத்தான் சொல்கிறான். அவன் சாகத்தான் வேண்டும் என்று தாவீது கொதிக்கிறான். அந்த மனிதன் வேறு யாருமில்லை, நீதான் என்கிறான் நாத்தான்.

நான் தேடாமலே கையில் வந்து கிடைத்த கத்தி இது. ஞாயிற்றுக்கிழமை எல்லோருக்கும் முன்னால் இதை வாசித்தால் போதும். யாரும் ஒரு சொல்லும் சொல்லத் தேவையில்லை. அண்ணையின் முகத்தை எல்லோரும் பார்ப்பார்கள்.

அந்த எண்ணம் எனக்குப் பிடித்திருந்தது என்பதுதான் என்னைப் பயமுறுத்தியது. திரும்ப வாசித்தேன். நாத்தான் ஊரைக் கூட்டவில்லை. சந்தியில் நின்று கத்தவில்லை. தாவீதிடம் போனான். அவன் அரண்மனைக்குள் போய்வந்து பழகியவன். ஒரு தடவை, கோவில் கட்டும் ஆசையைத் தாவீது சொன்னபோது, மனதில் உள்ளதைச் செய்யுங்கள் என்று அவசரப்பட்டுச் சொல்லிவிட்டு, பிறகு வந்து, இல்லை, அது உங்களுக்கு இல்லை என்று திருத்தியவன். தானும் பிழை விடக்கூடியவன் என்று தெரிந்த ஆள். சாமுவேலும் அப்படித்தான். கடவுள் சவுலைத் தள்ளிவைத்த செய்தியைச் சொல்லிவிட்டு, வீட்டுக்குப் போய் அவனுக்காகத் துக்கப்பட்டுக்கொண்டே இருந்தார். அரசர்களை வெறுத்தவர்கள் இந்த வேலையைச் செய்ததாக நான் வாசித்தவரை தெரியவில்லை.

சனிக்கிழமையே அண்ணையின் வீட்டுக்குப் போவது என்று முடிவெடுத்தேன். சனி காலையில் கணவரிடம் சொன்னபோது அவர் தேநீரை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

“இஞ்சரும், உமக்கேன் இந்த வேலை? என்னை அந்தக் கடையில சேர்த்து விட்டது ஆர்? அவருக்கு ஒரு போன் போதும்.”

“அண்ணை அப்பிடிச் செய்ய மாட்டார்.”

“அந்தப் பிள்ளைக்கும் செய்ய மாட்டார் எண்டுதானே நினைச்சனீர்?”

 அவர் குனிந்து சப்பாத்து நாடாவைக் கட்டினார். பிறகு, “போறதெண்டால் கெதியாப் போயிட்டு வாரும். யோசிச்சுக்கொண்டிருந்தா போக மாட்டீர்,” என்று சொல்லிவிட்டு வேலைக்குப் போனார்.

அண்ணையின் வீட்டு விறாந்தையில் மெத்தைகள் சுருட்டி அடுக்கியிருந்தன. மச்சானின் சின்ன மகள் ஒன்றின் மேல் படுத்துக்கொண்டு படம் பார்த்துக்கொண்டிருந்தாள். அண்ணை மேசையில் பத்திரிகையை விரித்துக் கணவாய் துப்புரவாக்கிக்கொண்டிருந்தார். நாங்கள் அக்கா என்று கூப்பிடுகிற அவருடைய மனைவி குசினிக்குள் நின்றபடியே என்னை எட்டிப் பார்த்துச் சிரித்தா.

“வாரும் தங்கச்சி, இரும். என்ன, சனிக்கிழமையில?”

எப்படித் தொடங்குவதென்று பஸ்ஸில் வரும்போது ஒத்திகை பார்த்திருந்தேன். “அண்ணை, ஒரு ஆளுக்கு ஊரெல்லாம் நிறைய வீடு பழக்கம். இன்னொரு ஆளுக்கு ஒரே ஒரு வீடுதான்…”

அவர் கணவாயிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. “நாளைக்கு வாசிக்கப் போறதை நானும் வாசிச்சிட்டன், தங்கச்சி. ஆட்டுக்குட்டிக் கதை வேண்டாம். நேர சொல்லும்.”

 நேரடியாகச் சொன்னேன். மொண்டெல்லோ வீடு, மகனுக்கு எடுத்த தொலைபேசி, அவளுடைய பெர்மெஸ்ஸோ, சிஞ்ஞோராவின் அழுகை. அவர் கை நின்றுவிட்டது.

“ஆர் சொன்னது?”

“அவளேதான். உங்களைப் பற்றி ஒரு கூடாத சொல்லும் சொல்லேல்லை.”

“இஞ்சை பாரும்,” என்று விறாந்தையைக் காட்டினார். “நாலு சீவன். கோடை முழுக்க நிலத்தில படுக்குதுகள். என்ர மனுசியின்ர தம்பி. நான் ஊருக்கெல்லாம் வேலை எடுத்துக் குடுக்கிறன், இவனுக்கு ஒண்டும் செய்யாமல் இருக்கட்டோ? அவள் தனி ஆள். எங்கையும் சமாளிப்பாள். இதுகள் குஞ்சுகுருமானோட எங்கை போறது?”

அதில் நியாயம் இருந்தது. அந்தச் சின்னப் பெண் படுத்திருந்த விதத்தைப் பார்க்க எனக்கும் மனம் இளகியது. ஆனால் நான் வந்தது அதற்கு இல்லை.

“ஓம் அண்ணை. இதை நீங்கள் அவளிட்டையே கேட்டிருக்கலாம். நீங்கள் கேட்டா அவள் சில வேளை ஓம் எண்டும் சொல்லியிருப்பாள். நீங்கள் கேக்கேல்லை. அவள் போகப் போறாள் எண்டு பொய் சொன்னனீங்கள்.”

‘பொய்’ என்ற சொல் என் வாயிலிருந்து வந்ததை நானே மற்றவர்களைப் போலத்தான் கேட்டேன். குசினியில் தண்ணீர்ச் சத்தம் நின்றது. அக்கா கையைத் துடைத்துக்கொண்டு வாசலில் வந்து நின்றா.

“அவள் கனடாவுக்குப் போறாள் எண்டெல்லோ எனக்குச் சொன்னனீங்கள்?”

 அண்ணை எழும்பி நின்று என்னைப் பார்த்தார். அவர் கோபப்பட்டு நான் அதுவரை கண்டதில்லை.

“உம்மை இந்த ஊருக்குள்ள கூட்டிக்கொண்டு வந்தது ஆர்? மழையில ஸ்டேசனில நிண்டது ஆர்?”

“நீங்கள்தான் அண்ணை. அதாலதான் வேற ஒருத்தரிட்டையும் கதைக்காமல் உங்களிட்ட வந்தனான்.”

  அவர் திரும்பவும் கதிரையில் இருந்து, கணவாய்க் கத்தியைக் கையில் எடுத்தார்.

“போயிட்டு வாரும்,” என்றார்.

பஸ் தரிப்பிடம் வரை அந்தச் சொல்லைத்தான் பிடித்துக்கொண்டு நடந்தேன். ‘போம்’ என்று சொல்லவில்லை. கோபத்திலும் ‘வாரும்’ என்பது அதற்குள் இருந்தது.

மறுநாள் கைப்பிடி வைத்த கதிரை வெறுமையாக இருந்தது. அக்காவும் வரவில்லை. அண்ணைக்குச் சுகமில்லையோ என்று ஒவ்வொருவராகக் கேட்டார்கள். தெரியாது என்றேன். முல்லைத்தீவுப் பெண் வந்திருந்தாள். நான் அண்ணையிடம் போனது அவளுக்குத் தெரியாது.

நாத்தானின் பகுதியை நானே வாசித்தேன். வியாழக்கிழமை எனக்குக் கத்தியாகத் தெரிந்தது, இப்போது வாசிக்கும்போது என் நெஞ்சையும் அறுத்தது. தாவீது வாதாடவில்லை, பிழை செய்துவிட்டேன் என்று ஒரே வசனத்தில் ஒத்துக்கொள்கிறான் என்று விளக்கம் சொன்னேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். ஆனால் அந்தப் பகுதி அங்கே முடியவில்லை. அந்தப் படைவீரனின் மனைவியிடம் தாவீதுக்குப் பிறந்த குழந்தை நோயில் விழுந்து இறந்துபோகிறது.

“அக்கா,” என்றாள் அவள். “பிழை விட்டது ராசா. செத்தது பிள்ளையோ?”

 அவளுடைய பிள்ளையைப் பற்றி அங்கே இருந்த எல்லோருக்கும் தெரியும். மறைக்கல்வி வகுப்பில் இதற்கு என்ன பதில் சொல்லச் சொல்லி எங்களுக்குப் படிப்பித்தார்கள் என்பது எனக்கு ஞாபகம் இருந்தது. அந்தப் பதிலை அவள் முகத்தைப் பார்த்துச் சொல்ல முடியவில்லை.

“எனக்குத் தெரியாது,” என்றேன். “நானும் இதில வந்து நிண்டுதான் போறனான். ஒவ்வொரு முறையும்.”

அவள் தலையை ஆட்டினாள். “ராசாக்கள் சண்டை பிடிக்கேக்கை அப்பிடித்தான் நடக்கிறது. எழுதி வைச்சிருக்கினம் எண்டாவது இருக்கு,” என்றாள். திருகோணமலைக்காரர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அன்று நாங்கள் வழமையான முடிவுப் பாட்டு இல்லாமல், தேநீர் குடித்துவிட்டுக் கலைந்தோம். ஆனால் கதிரைகளை அடுக்கும்போது எல்லோரும் அவளுக்குப் பக்கத்தில்தான் நின்றார்கள்.

அடுத்த நாட்களில் எப்படியோ செய்தி கசிந்தது. அண்ணையை நான் நோகடித்துவிட்டேனா என்று ஒருத்தி என்னிடமே கேட்டாள். என் கணவர் வேலையில் இருக்கும்போது முதலாளியின் தொலைபேசி அடித்தால் தனக்குக் கை வழுக்குகிறது என்றார். ஆனால் அவருக்கு ஒன்றும் நடக்கவில்லை.

செவ்வாய்க்கிழமை, சலவைக் கூடத்தின் பின்கதவில் யாரோ என்னைத் தேடுவதாக ஒரு பிள்ளை வந்து சொன்னாள். போய்ப் பார்த்தால் அண்ணை. சவரம் செய்யாத முகம். விரிப்புகள் ஏற்றும் வண்டிலுக்குப் பக்கத்தில் ஒதுங்கி நின்றார்.

“நாளைக்குப் பின்னேரம் மொண்டெல்லோவுக்கு வருவீரோ?” என்றார். “தனியப் போக வெக்கமாக் கிடக்கு.”

“வாறன் அண்ணை.”

“மனுசி நீர் வந்த நாளையில இருந்து தேத்தண்ணி வைக்கிறா, கதைக்கிறா இல்லை. என்ர தம்பிக்காக இன்னொருத்தியின்ர வயித்தில அடிக்கச் சொல்லி நான் கேட்டனானோ எண்டு ஒரே ஒருக்காச் சொன்னா. அவ்வளவுதான்.” வண்டிலின் விளிம்பைக் கையால் தடவினார். “ஆக்களுக்கு நல்லது செய்து செய்து, தங்கச்சி, நான் செய்யிறது எல்லாம் நல்லது எண்டு நினைச்சிட்டன்.”

அந்த நீராவிக்குள் நின்று அழக்கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டேன்.

அடுத்த நாள் கதவைத் திறந்தது அவள்தான். எங்கள் இரண்டு பேரையும் சேர்த்துக் கண்டதும் பயந்துபோய் விலகி நின்றாள். அண்ணை உள்ளே போகவில்லை. நடையிலேயே நின்று சொன்னார்.

“பிழை விட்டிட்டன் பிள்ளை. உம்மைக் கேக்காமல் உம்மட வாழ்க்கையில கை வைச்சிட்டன்.”

 அவள் முகத்தை மறுபக்கம் திருப்பிக்கொண்டாள். பிறகு, “உள்ளுக்கு வாங்கோ அண்ணை, கோப்பி போடுறன்,” என்றாள்.

சிஞ்ஞோரா யன்னலோரம் சாய்கதிரையில் இருந்தார். சின்ன உருவம், பெரிய குரல். அண்ணை இத்தாலிய மொழியில், மெதுவாக, ஒன்றையும் மறைக்காமல் சொன்னார். கேட்டுக்கொண்டிருந்த சிஞ்ஞோரா கைத்தடியை எடுத்து நிலத்தில் ஒரு குத்துக் குத்தினார். பிறகு இத்தாலியன் போய்ச் சிசிலியன் வந்தது. பாதிதான் எனக்கு விளங்கியது. ‘என்னை என்ன கதிரை என்றா நினைத்தீர்கள், நீயும் என் மகனும்? யார் பக்கத்தில் வைப்பது என்று நீங்கள் இரண்டு பேரும் கதைத்து முடிவெடுக்க?’ என்பது நன்றாக விளங்கியது. அண்ணை பள்ளிக்கூடப் பையனைப் போலக் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். ராசாவுக்கு முன்னால் நின்று பிழை சொல்லும் இறைவாக்கினராக நான் நினைத்துப் பார்த்த ஆள் சிஞ்ஞோரா இல்லை. ஆனால் இவரை எந்த அரசனாலும் சமாளிக்க முடியாது.

பிறகு அண்ணை அங்கேயே நின்று மகனுக்கு அழைத்து, தான் சொன்னது உண்மையில்லை என்றார். மகன் எரிச்சலோடு ஏதோ சொல்லத் தொடங்க, சிஞ்ஞோரா தொலைபேசியைப் பறித்தார். அதற்குமேல் மகனுக்குக் கதைக்க இடம் கிடைக்கவில்லை. கோப்பியும் எள் பிஸ்கட்டும் வந்தன. கடைசிப் பிஸ்கட்டை எடுத்து அண்ணையின் கையில் வைத்தவர் சிஞ்ஞோராதான்.

மச்சான் குடும்பத்துக்கு என்ன வழி என்ற கவலை எனக்கும் இருந்தது. அதை என் கணவர் தீர்த்துவைத்தார். அவருடைய கடையில் மீன் துப்புரவாக்க ஆள் தேடிக்கொண்டிருந்தார்கள். ‘அண்ணை எனக்குச் செய்ததை நான் அவற்ற மச்சானுக்குச் செய்யிறன், இதிலென்ன’ என்று முதலாளியிடம் தானே போய்க் கதைத்தார். மச்சானின் மனைவிக்கு இரண்டு மாடிக் கட்டடங்களில் படி துடைக்கும் வேலை கிடைத்தது. ஸ்ஃபெர்ராகவால்லோவிலேயே ஒரு சின்ன வீடு எடுத்துக்கொண்டு போனார்கள். அண்ணையின் விறாந்தையிலிருந்து மெத்தைகள் போன நாளில், அக்கா எங்கள் இரண்டு பேரையும் கணவாய்க் கறி சாப்பிடக் கூப்பிட்டா. கதைக்காமல் இருந்த நாட்களுக்கும் சேர்த்து அன்று கதைத்தா.

குளிர்காலத் தொடக்கத்தில் முல்லைத்தீவுப் பெண்ணின் பெர்மெஸ்ஸோவைப் புதுப்பிக்க அண்ணைதான் குவெஸ்தூராவுக்குக் கூடப் போனார். விடியமுன்னமே வரிசையில் போய் நின்றாராம். அவள் தயங்கித் தயங்கித்தான் அவரோடு போயிருக்கிறாள். அவரை முன்போல நம்ப அவளுக்குக் கொஞ்சக் காலம் எடுத்தது. அதற்கு அவர் அவசரப்படுத்தவுமில்லை. இப்போதெல்லாம் யாருக்காவது வேலை விசயம் கதைப்பதென்றால், ‘முதல்ல அந்தப் பிள்ளையைக் கேட்டனியளோ?’ என்று அக்கா குறுக்கே கேட்கிறா. அவர் சிரித்துக்கொண்டு, “கேட்டனான், கேட்டனான்,” என்கிறார்.

வாசிப்பு தொடர்ந்தது. ஆகாபு அரசனும் இறைவாக்கினர் எலியாவும் வந்து போனார்கள். ஆகாபு ஒரு திராட்சைத் தோட்டத்தைப் பறித்த கதையை வாசித்த அன்று யாரும் யாரையும் பார்க்கவில்லை. ஆனால் யாருக்கும் மூச்சு முட்டவுமில்லை. அண்ணையே கையை உயர்த்தி, “இவனை விடத் தாவீது பரவாயில்லை,” என்றார். அறையே சிரித்தது.

இந்த வசந்தத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை, அவள் சிஞ்ஞோராவையும் சக்கர நாற்காலியில் கூட்டிக்கொண்டு வந்தாள். இவள் ஞாயிறுதோறும் எங்கே ஓடுகிறாள் என்று பார்க்க வேண்டும் என்று மனுசி அடம்பிடித்தாராம். தமிழ் ஒரு சொல்லும் விளங்காமல் முழு நேரமும் இருந்தார். தேநீர் நேரத்தில் அண்ணையைக் கூப்பிட்டு, இதுவரை வாசித்ததில் நல்ல கதை ஒன்று சொல் என்று கேட்டார்.

அண்ணை ஒரு பிளாஸ்டிக் கதிரையை இழுத்துப் போட்டுக்கொண்டு அவருக்குப் பக்கத்தில் இருந்தார். எந்தக் கதையைச் சொல்லப் போகிறார் என்று எனக்கு முதல் வசனத்திலேயே தெரிந்துவிட்டது. பணக்காரனையும் ஏழையையும் ஆட்டுக்குட்டியையும் இத்தாலிய மொழியில் அழகாகச் சொன்னார். ஒன்றையும் அவசரப்படுத்தவில்லை. அந்த மனிதன் நீதான் என்று நாத்தான் சொல்லுமிடத்தில் தன் நெஞ்சைத் தொட்டுக் காட்டினார். சிஞ்ஞோரா முன்னால் சாய்ந்து கேட்டுக்கொண்டிருந்தார்.

“அப்படிச் சொன்னவனை என்ன செய்தார்கள்?” என்றார். “கொன்றுபோட்டார்களா?”

“இல்லை சிஞ்ஞோரா,” என்றார் அண்ணை. “அவன் கடைசிவரைக்கும் அதே ஊரில்தான் இருந்தான். தாவீது கிழவனான பிறகும் அரண்மனைக்கு வந்து போனான். தாவீது தனக்குப் பிறந்த ஒரு மகனுக்கு அவன் பெயரைத்தான் வைத்தான். நாத்தான் என்று.”

 இவ்வளவு காலம் மறைக்கல்வி படிப்பித்த எனக்கு இது கண்ணில் பட்டதில்லை. வீட்டுக்கு வந்து தேடிப் பார்த்தேன். தாவீதின் பிள்ளைகளுடைய பெயர்கள் சொல்லுமிடத்தில், இருக்கத்தான் செய்கிறது. இறைவாக்கினரை நினைத்துத்தான் அந்தப் பெயரை வைத்தான் என்று எங்கேயும் எழுதவில்லை. அண்ணையிடம் அதைச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அவர் தானாகத் தேடிக் கண்டுபிடித்தது. தாவீது அவனை நினைத்துத்தான் வைத்திருப்பான் என்று எனக்கும் படுகிறது.